வலம்புரிச் சங்கு வாங்கலாமா?

கேள்வி: சேலத்தில் மளிகைக் கடை வைத்திருக்கிறேன். வியாபாரம் மந்தம். தூத்துக்குடிக் கடலில் எடுத்த வலம்புரிச் சங்கு என்று ஒருவர் 35,000 ரூபாய் சொல்கிறார். வாங்கிக் கல்லாப்பெட்டி பக்கத்தில் வைத்தால் நிலைமை மாறும் என்று மச்சான் ஒரே பிடியாக நிற்கிறார். வாங்கலாமா?

பதில்: வேண்டாம். அந்தப் பணத்துக்குக் கடையில் சரக்கு போடுங்கள்.

மச்சானிடம் சண்டை எதற்கு, சங்கை அவர் கையிலேயே கொடுத்துப் பார்க்கச் சொல்லுங்கள். கூம்புப் பக்கம் மேலே, வாய் நம்மைப் பார்த்தபடி பிடித்தால் வலம்புரிக்கு வாய் இடது பக்கம் திறந்திருக்கும், விற்கிறவர் காட்டுவது இதை மட்டும்தான். ஆனால் அமெரிக்கக் கடற்கரையில் வேறொரு இனம் இருக்கிறது, அது பிறவியிலேயே இப்படித்தான் சுழலும், அங்கே சர்வசாதாரணம், அதைத்தான் இங்கே கொண்டுவந்து வலம்புரி என்று தலையில் கட்டுகிறார்கள். நம் கடல் சங்கில் வாய்க்குள் விரலை விட்டு நடுத்தண்டைத் தடவினால் மூன்று நான்கு மடிப்புகள் வரப்பு மாதிரி தட்டுப்படும். வழவழவென்று இருந்தால் ஒரு கும்பிடு போட்டுத் திருப்பிக் கொடுத்துவிடுங்கள்.

சரி, மடிப்பு இருக்கிறதே என்றாலும் என் பதில் மாறாது. தூத்துக்குடி, கீழக்கரைப் பக்கம் சங்கு குளிக்கிறவர்கள் வலம்புரியை நம்பிக் கடலில் இறங்குவதில்லை. அது கண்ணில் படுவதே அபூர்வம். அவர்களுக்குச் சோறு போடுவது சாதாரண இடம்புரி. ஓடு வங்காளத்துக்குப் போய் கல்யாணமான பெண்கள் போடும் வெள்ளை வளையலாகிறது, கறியை வேகவைத்து அரிந்து காயப்போட்டு வைத்துச் சாப்பிடுகிறார்கள். பழைய பாண்டியர் துறைமுகமான கொற்கையில் தோண்டியபோதே அறுத்த சங்குகள் கிடைத்தன என்றால் எவ்வளவு பழைய தொழில் பாருங்கள். அரசே சங்கு குளிப்பை நடத்திய காலத்தில் 57 மில்லிமீட்டர் குறுக்களவுக்குக் கீழே இருப்பதை உயிரோடு கடலில் விட்டுவிட வேண்டும் என்று விதி இருந்தது, குஞ்சுச் சங்கை அள்ளினால் அடுத்து எடுக்க ஒன்றும் இருக்காது என்பதால். இன்று படகில் ஓடும் கம்ப்ரசரிலிருந்து வரும் குழாயை வாயில் கடித்துக்கொண்டு இறங்குகிறார்கள். அவசரமாக மேலே வந்தால் மூட்டு வலியில் தொடங்கிக் கைகால் விழுந்துபோவது வரை நடக்கும். நீங்கள் கொடுக்கும் 35,000-இல் அவர்களுக்கு எவ்வளவு போகும் என்று நினைக்கிறீர்கள்?

பூஜைக்குச் சங்கு வேண்டும் என்றால் தாராளமாக ஒரு இடம்புரி வாங்குங்கள், சில நூறு ரூபாய்க்கே கிடைக்கும். கூம்பின் நுனியை அறுத்தது ஊதுவதற்கு, அறுக்காதது தீர்த்தம் வைக்க. தண்ணீர் ஊற்றிக் கொஞ்ச நேரம் வைத்துப் பாருங்கள், கசிந்தால் வேறு கேளுங்கள்.