ஹில்லிகாஸுக்கு நடிப்பு வராதா?

அன்புள்ள ஐயா,

வைகாசியில் ஒரு கல்யாணத்துக்குக் கானாடுகாத்தான் போனேன். எல்லாரும் கிளம்பிவிட்டார்கள், வீட்டை ஒழுங்கு பண்ணிப் பூட்ட நானும் அப்பத்தாவும் மட்டும் இரண்டு நாள் இருந்தோம். ராத்திரி தூக்கம் வராமல், நீங்கள் எப்போதோ எழுதியிருந்த 'கார்னிவல் ஆஃப் சோல்ஸ்' என்ற பழைய அமெரிக்கப் பேய்ப்படத்தை யூடியூபில் பார்த்தேன். பயமாகத்தான் இருந்தது. ஆனால் கதாநாயகி கேண்டஸ் ஹில்லிகாஸ் முகத்தில் ஒரு பாவமும் இல்லையே? அதனால்தான் அப்புறம் அவருக்குப் படங்கள் வரவில்லையோ?

ஒரு வாசகி

*

அன்புள்ள வாசகிக்கு,

அந்தப் படத்தைப் பார்க்க அதைவிடத் தோதான இடம் உங்களுக்குக் கிடைத்திருக்காது. ஆனால் பாவம் இல்லை என்பதை ஒத்துக்கொள்ள மாட்டேன். ஹில்லிகாஸ் நியூயார்க்கில் பேர்பெற்ற நடிப்பு ஆசிரியர் லீ ஸ்ட்ராஸ்பெர்க்கிடம் நடிப்புப் படித்தவர், அழத் தெரியாதவர் அல்ல. ஆற்றில் விழுந்த காரிலிருந்து கரையேறி வரும் கதாநாயகி மேரி, சர்ச்சில் ஆர்கன் வாசிக்கப் போகிறாள், பக்தியெல்லாம் இல்லை, அது ஒரு வேலை. பாதிரியார் பரிவாகப் பேசினாலும் பக்கத்து அறைக்காரன் வழிந்தாலும் ஒரே முகம்தான். துணிக்கடையில் உடை மாற்றிக்கொண்டு வெளியே வந்ததும் சத்தமெல்லாம் நின்றுபோய், கடைக்காரியின் கண்ணுக்கே அவள் தெரியாமல் போகிறாளே, அங்கே அந்த முகம் கொஞ்சம் கொஞ்சமாக உடைவதைப் பாருங்கள். முதலிலிருந்தே உணர்ச்சியைக் கொட்டியிருந்தால் இந்த இடத்துக்கு மிச்சம் ஏது?

இயக்குநர் ஹெர்க் ஹார்வி கான்சஸில் கல்விப் படங்களும் கம்பெனிகளுக்கான படங்களும் எடுத்துக்கொண்டிருந்தவர். சுமார் 33,000 டாலர், மூன்று வாரம், முடிந்தது. வெள்ளை முகத்தோடு வரும் அந்த ஆவியும் அவரேதான் (ஒரு சம்பளம் மிச்சம்). யூட்டாவில் உப்பு ஏரிக்கரையில் மூடிக்கிடந்த சால்ட்ஏர் நடன மண்டபத்தைக் கார்ப் பயணத்தில் பார்த்ததில்தான் அவருக்குப் படமே தோன்றியது. கூட்டம் கூடுவதற்கென்றே கட்டிய இடத்தில் ஆளே இல்லை, அதுதான் பயம்.

இது நமக்குப் புதிதா என்ன? தேவகோட்டையில் எங்கள் வீட்டில் ஒவ்வொரு புள்ளிக்கும் (கல்யாணமான ஒவ்வொரு குடும்பத்துக்கும்) ஓர் அறை, எல்லாம் பூட்டு. ஓர் அறுபதாம் கல்யாணச் சாந்தி முடிந்த மறுநாள் தனியாக இருந்தேன். வளவில், அதாவது உள்முற்றத்தில், அடுக்கிக் கட்டிய வாடகை நாற்காலிகள், ஆத்தங்குடிக் கல்லில் துடைக்காமல் விட்ட சந்தனக் கறை, மேலே வரிசையாகப் படங்களில் ஐயாக்களும் ஆயாக்களும். செருப்பைக் கழற்றிவிட்டு நடந்தேன், மரியாதைக்காக இல்லை, என் காலடிச் சத்தமே எனக்குப் பிடிக்கவில்லை.

படங்கள் வராததற்கு நடிப்பைக் குறை சொல்வது நியாயமில்லை. 1962இல் படம் ஓடவில்லை. 1964இல் இன்னொரு மலிவான பேய்ப்படத்தில் நடித்தார், அதோடு சரி. ஹார்வியும் வேறு முழுநீளப் படம் எடுக்கவில்லையே! பிரதிகளில் காப்புரிமைக் குறிப்பு விடுபட்டு உரிமையே இல்லாமல் போனதால் டிவிக்காரர்கள் அந்தப் படத்தை இஷ்டத்துக்குப் போட்டார்கள், நடுராத்திரியில் பார்த்தவர்கள் மறக்கவில்லை, 1989இல் மறுபடி தியேட்டருக்கே வந்தது. நீங்கள் யூடியூபில் காசில்லாமல் பார்த்ததும் அந்தக் கவனக்குறைவின் புண்ணியம்தான்.

அந்தத் துணிக்கடைக் காட்சியை மட்டும் இன்னொரு தடவை ஹெட்போன் போட்டுப் பாருங்கள். வெளியே வந்து மரத்தில் கைவைத்து நிற்கும்போது ஒரு குருவிச் சத்தத்தோடுதான் உலகம் அவளுக்குத் திரும்பக் கேட்க ஆரம்பிக்கும்.