புதினா பழ காக்டெயில்: எதற்குக் காசு, எதற்கு வேண்டாம்

கேள்வி: நண்பர்கள் வரும்போது பழமும் புதினாவும் சேர்த்து குளுகுளுவென்று ஒரு காக்டெயில் செய்ய ஆசை. கடையில் 'மொஹிதோ மிக்ஸ்' என்று பச்சை நிறப் பாட்டில்கள் வரிசையாக இருக்கின்றன. ஒன்று வாங்கிவிட்டால் வேலை மிச்சம்தானே?

பதில்: மிச்சம்தான். ஆனால் எவ்வளவு வேலை மிச்சமாகிறது என்று பாருங்கள். கியூபாவில் பிறந்த மொஹிதோவில் மொத்தமே ஐந்து பொருள்: வெள்ளை ரம், எலுமிச்சைச் சாறு, புதினா, சர்க்கரை, சோடா. ரம்மும் சோடாவும் மிக்ஸ் பாட்டிலில் பெரும்பாலும் இருக்காது, அவற்றை நீங்கள்தான் தனியாக வாங்க வேண்டும். ஆக, ஓர் எலுமிச்சையைப் பிழிவது, கொஞ்சம் சர்க்கரையைக் கரைப்பது, நாலு இலையை நசுக்குவது, இந்த மூன்று வேலைக்குத்தான் பாட்டில் விலை.

பாட்டிலைத் திருப்பிப் பின்பக்கம் படியுங்கள். சேர்மானங்களை எடை அதிகமானதிலிருந்து குறைந்தது வரை வரிசையாக எழுத வேண்டும் என்பது பல நாடுகளில் சட்டம். முதல் இரண்டு இடத்தில் தண்ணீரும் சர்க்கரையும், பிறகு சிட்ரிக் அமிலம், 'ஃபிளேவர்', நிறமி என்று இருந்தால், எலுமிச்சைக்கும் புதினாவுக்கும் அங்கே அதிக வேலை இல்லை. இன்னொரு அடையாளம் நிறம். நிஜப் புதினாவைச் சூடான பாகில் ஊறவைத்தால் வெளிர் மஞ்சளோ லேசான பழுப்போதான் வரும். கிளிப்பச்சை வராது. நிறமி சேர்த்தது கெடுதல் என்று சொல்லவில்லை. சர்க்கரைத் தண்ணீருக்குப் புதினா விலை கொடுக்க வேண்டாம் என்கிறேன்.

வீட்டிலேயே செய்யப் பாகு இப்படி: சர்க்கரையும் தண்ணீரும் சம எடை. சர்க்கரை கரையும் வரை சூடாக்கி இறக்கி, ஒரு கைப்பிடி புதினா போட்டு அரை மணி நேரம் மூடிவைத்து வடிகட்டுங்கள். கழுவிக் காயவைத்த பாட்டிலில் ஊற்றி ஃபிரிட்ஜில் வைத்தால் இரண்டு வாரம் கவலையில்லை. கலங்கினாலோ பூஞ்சை தெரிந்தாலோ யோசிக்காமல் கொட்டிவிடுங்கள்.

ஒரு கிளாஸுக்கு: பழத்துண்டு 100 கிராம், புதினா 6 முதல் 8 இலை, எலுமிச்சைச் சாறு 20 மி.லி., பாகு 15 மி.லி., விருப்பப்பட்டால் ரம் 45 மி.லி. பழத்தைப் பாகோடு மசித்து, மற்றதைச் சேர்த்து, கிளாஸ் நிறைய ஐஸ் போட்டு, கடைசியில் சோடா ஊற்றுங்கள். பழம் நல்ல இனிப்பாக இருந்தால் பாகை முதலில் பாதிதான் ஊற்றிப் பார்க்க வேண்டும். பிறகு சேர்க்கலாம், எடுக்க முடியாது.

கேள்வி: வாங்கிய தர்பூசணி வெட்டினால் வெளுத்திருக்கிறது. அன்னாசி நான்கு நாள் வைத்தும் இனிக்கவில்லை. பழம் பழுத்திருக்கிறதா என்று எப்படித்தான் பார்த்து வாங்குவது?

பதில்: இந்த பானத்தில் பணம் வீணாவது பெரும்பாலும் இங்கேதான். பழங்களில் இரண்டு வகை உண்டு. மா, வாழை, பீச், பேரி, கிவி போன்றவை பறித்த பிறகும் பழுக்கும். காய்வெட்டாக வாங்கினாலும் வீட்டில் வைத்துப் பழுக்க வைக்கலாம். தர்பூசணி, அன்னாசி, ஸ்ட்ராபெரி, திராட்சை, ஆரஞ்சு வகையறா பறித்த பிறகு இனிப்பு ஏறாது. உங்கள் அன்னாசியை இன்னும் நான்கு நாள் வைத்தாலும் மஞ்சள் கூடும், மெத்தென்று ஆகும், அப்புறம் அழுகும். இனிப்பு வராது. ஆகவே இரண்டாவது வகையைக் கடையிலேயே சரியாகப் பார்த்துத்தான் எடுக்க வேண்டும்.

தர்பூசணியில் தட்டிப் பார்ப்பதை விட எனக்கு நம்பிக்கையானது அடிப்பக்கம். தரையில் படிந்து கிடந்த இடத்தில் ஒரு திட்டு இருக்கும். அது வெண்ணெய் மஞ்சளாக இருந்தால் கொடியில் நன்றாக விளைந்தது, வெள்ளையாக இருந்தால் அவசரமாகப் பறித்தது. ஒரே அளவுள்ள இரண்டில் கனமானதை எடுங்கள். அன்னாசியை அடியில் முகர்ந்து பாருங்கள். வாசனையே இல்லை என்றால் வைத்துவிடுங்கள், புளித்த வாடை வந்தாலும் அப்படியே. ஸ்ட்ராபெரியில் காம்பை ஒட்டி வெள்ளை இருந்தால் அந்த வெள்ளை வீட்டிலும் போகாது.

நல்ல பழம் கிடைக்காத நாளில் உறைந்த பழம் வாங்குங்கள். அதில் கௌரவக் குறைச்சல் ஒன்றுமில்லை. பழுத்த பிறகு பறித்து உறைய வைப்பதால் காய்வெட்டுப் பழத்தை விட ருசி நன்றாகவே இருக்கும், பாதி ஐஸ் வேலையையும் அதுவே பார்த்துக்கொள்ளும். பையில் 'பழம்' என்ற ஒரே சேர்மானம் இருக்கிறதா என்று மட்டும் பாருங்கள். சிலவற்றில் சர்க்கரை சேர்ந்திருக்கும்.

வெட்டி வைத்த பழம் வாங்குவதாக இருந்தால் ஐஸ் மேலோ குளிர்ப்பெட்டியிலோ இருப்பதை மட்டும் வாங்குங்கள். வீட்டிலும் அறை வெப்பத்தில் இரண்டு மணி நேரம்தான் கணக்கு, 32 டிகிரி செல்சியஸைத் தாண்டும் வெயிலில் ஒரு மணி நேரம். முழுப் பழமாக வாங்கினால் தோலைக் கழுவிய பிறகு வெட்டுங்கள். தோலில் இருக்கும் அழுக்கைக் கத்தி சதைக்குள் கொண்டுபோய்விடும்.

கேள்வி: பழத்துக்குப் பதில் அட்டைப்பெட்டி ஜூஸ் பயன்படுத்தலாமா? 'நெக்டர்', 'ஃப்ரூட் டிரிங்க்' என்றெல்லாம் போட்டிருக்கிறதே?

பதில்: பயன்படுத்தலாம். பெயரில் ஏமாறாமல் இருந்தால் போதும். ஜூஸ் என்றால் முழுக்கப் பழச்சாறு. 'கான்சன்ட்ரேட்டிலிருந்து' என்று இருந்தால் சாற்றைச் சுண்டவைத்து மறுபடி தண்ணீர் சேர்த்தது, அதுவும் ஜூஸ்தான். நெக்டர் என்றால் சாறோ கூழோ தண்ணீரில் கலந்து, பெரும்பாலும் சர்க்கரையும் சேர்த்தது. கோடெக்ஸ் என்ற சர்வதேச உணவுத் தர அமைப்பின் 2005ஆம் ஆண்டுத் தரநிலைப்படி ஆரஞ்சு, ஆப்பிள் நெக்டரில் குறைந்தது 50 சதவீதமும், மாம்பழம், கொய்யா நெக்டரில் 25 சதவீதமும் பழம் வேண்டும். அதற்கும் கீழே இருப்பதுதான் 'டிரிங்க்'. நாட்டுக்கு நாடு விதி மாறும் என்பதால் பெயரை விட்டுவிட்டுப் பழச் சதவீதத்தைத் தேடிப் பாருங்கள்.

'சர்க்கரை சேர்க்கப்படவில்லை' என்ற வரியையும் சரியாகப் புரிந்துகொள்ள வேண்டும். வெளியிலிருந்து போடவில்லை என்றுதான் அர்த்தம். ஆரஞ்சு, ஆப்பிள் சாற்றில் 100 மி.லி.க்கு 8 முதல் 10 கிராம் சர்க்கரை இயல்பாகவே உண்டு. அதன் மேல் பாகும் ஊற்றினால் பானம் திகட்டும்.

கேள்வி: புதினாக் கட்டு ஒரே நாளில் கறுத்துவிடுகிறது. கஷ்டப்பட்டு நன்றாக இடித்துப் போட்டால் பானம் கசக்கிறது. என்ன தவறு?

பதில்: கசப்புக்குக் காரணம் அந்த 'நன்றாக'தான். புதினாவின் வாசனை எண்ணெய் இலையின் மேற்பரப்பிலுள்ள நுண்ணிய சுரப்பிகளில் இருக்கிறது. லேசாக அழுத்தினாலே உடையும். துவையல் போல அரைத்தால் இலைக்குள் இருக்கும் கசப்பும் பச்சை வாடையும் சேர்ந்து வந்துவிடும். பழத்தை முதலில் மசித்துவிட்டுப் புதினாவைப் பிறகு போட்டு இரண்டு மூன்று முறை மெல்ல அழுத்துங்கள். மேலே அலங்காரத்துக்கு வைக்கும் தளிரை உள்ளங்கையில் வைத்து ஒரு தட்டு தட்டினால் போதும்.

கறுப்பது காயம்பட்ட இலை காற்றில் படுவதால். கட்டைப் பிரித்து, நசுங்கிய இலைகளைக் களைந்து, காம்பின் நுனியை வெட்டி ஒரு டம்ளர் தண்ணீரில் நிற்க வையுங்கள். மேலே ஒரு பையைத் தளர்வாகக் கவிழ்த்து ஃபிரிட்ஜில் வைத்தால் ஒரு வாரம் வரை தாங்கும். தண்ணீரை மட்டும் இரண்டு நாளுக்கு ஒருமுறை மாற்றுங்கள். அடிக்கடி செய்பவர் என்றால் இரண்டு காம்பைத் தண்ணீரிலேயே விட்டு வேர் வந்ததும் தொட்டியில் நட்டுவிடலாம். அப்புறம் புதினா வாங்கவே வேண்டாம்.

செடியாக வாங்கினால் ஸ்பியர்மின்ட் வகையைக் கேளுங்கள், பழத்தோடு அதுதான் இணங்கும். பெப்பர்மின்ட்டில் மென்தால் அதிகம். மென்தால் உண்மையில் எதையும் குளிர்விப்பதில்லை, குளிரை உணரும் நரம்பு முனைகளைத் தூண்டிவிடுகிறது, அவ்வளவுதான். பெப்பர்மின்ட் தூக்கலாகிவிட்டால் பழ ருசி அமுங்கி, பல் தேய்த்த உடனே குடித்தது போல இருக்கும்.

கேள்வி: சோடாவுக்குப் பதில் டானிக் வாட்டர் ஊற்றலாமா? சோடா மெஷின் வாங்குவது லாபமா?

பதில்: டானிக் வேறு பொருள். அதில் கசப்புக்குக் கினைன் உண்டு, அதை மறைக்க 100 மி.லி.க்குச் சுமார் 8 கிராம் சர்க்கரையும் இருக்கும். (புற ஊதா விளக்கில் வைத்தால் அந்தக் கினைன் நீலமாக ஒளிரும். குழந்தைகளுக்குக் காட்டலாம், அவர்களுக்குக் கொடுக்க வேண்டாம்.) புதினா பானத்துக்குச் சாதாரண சோடாவே சரி.

பெரிய பாட்டில் மலிவாகத் தெரியும், ஆனால் ஒருமுறை திறந்தால் வாயு போக ஆரம்பித்துவிடும். இரண்டு மூன்று பேருக்கென்றால் சிறிய பாட்டில்களே சிக்கனம். குளிர்ந்த நீரில்தான் வாயு நன்றாகத் தங்கும் என்பதால் சோடாவை முன்பே ஃபிரிட்ஜில் வைத்துவிடுங்கள். மெஷின் தினமும் சோடா குடிக்கும் வீட்டுக்குத்தான் கட்டுப்படியாகும். வாங்கும் முன் வாயு சிலிண்டர் தீர்ந்தால் எங்கே மாற்றித் தருகிறார்கள், எல்லா நிறுவனச் சிலிண்டரும் பொருந்துமா என்று விசாரியுங்கள். மெஷின் விலையை விட அந்தச் செலவுதான் தொடர்ந்து வரும். பல மாடல்களில் வெறும் தண்ணீரை மட்டுமே வாயு ஏற்றலாம், ஜூஸை ஊற்றினால் பொங்கி வழியும், வாரண்டியும் போகலாம்.

கேள்வி: செப்புக் குவளைகள், பன்னிரண்டு உருப்படி 'பார் செட்' என்று விளம்பரம் பார்க்கிறேன். இதெல்லாம் தேவையா?

பதில்: அளவுக் கோப்பை ஒன்று தேவை. மசிக்க ஒரு மரக்கட்டை இருந்தால் நல்லது, வார்னிஷ் பூசாததாக வாங்குங்கள். இறுக மூடும் கண்ணாடி ஜாடி ஷேக்கர் வேலையைச் செய்யும், சோடாவை மட்டும் உள்ளே ஊற்றிக் குலுக்காதீர்கள். மற்ற ஒன்பது உருப்படியும் அலமாரியில்தான் இருக்கும்.

செப்புக் குவளையில் கவனம் வேண்டும். பிஎச் என்பது புளிப்பைக் காட்டும் எண், அது குறையக் குறையப் புளிப்பு கூடும். எலுமிச்சைச் சாற்றின் பிஎச் அளவு 2க்குச் சற்று மேலேதான். அத்தனை புளிப்பு படும்போது செம்பு பானத்தில் கரையும். பிஎச் 6க்குக் கீழ் உள்ள உணவு செம்பில் படக்கூடாது என்று அமெரிக்காவின் மாதிரி உணவு விதித்தொகுப்பே சொல்கிறது. உட்புறம் எவர்சில்வர் பூச்சு உள்ளதை வாங்குங்கள், இல்லையென்றால் கண்ணாடி கிளாஸே போதும்.

கேள்வி: பழம் நிறைய இருப்பதால் இந்த பானம் பீரை விட லேசானது என்கிறார் நண்பர். சரியா? மது குடிக்காதவர்களுக்கு 'நான் ஆல்கஹாலிக்' ரம் ஊற்றலாமா?

பதில்: கணக்குப் போட்டுவிடலாம். 40 சதவீத ரம் 45 மி.லி. ஊற்றினால் அதில் சுத்த ஆல்கஹால் 18 மி.லி. ஐந்து சதவீத பீர் 330 மி.லி. பாட்டிலில் இருப்பது 16.5 மி.லி. ஆக ஒரு கிளாஸ் ஒரு பீரை விடச் சற்று அதிகம். அளக்காமல் கைவாக்கில் ஊற்றினால் இரண்டு பீர் ஆகிவிடும். இனிப்பும் புதினாவும் ரம்மின் காரத்தை மறைப்பதால் குடிப்பவருக்குத் தெரியாது. வண்டி எடுத்துக்கொண்டு வந்தவர்களிடம் இதை முதலிலேயே சொல்லிவிடுங்கள்.

'நான் ஆல்கஹாலிக்' என்ற சொல் பல நாடுகளில் 0.5 சதவீதம் வரை அனுமதிக்கிறது. கர்ப்பிணிகள், மருந்து சாப்பிடுபவர்கள், மதுவையே தொடாதவர்கள் இருந்தால் 0.0 என்று எண்ணில் போட்டிருப்பதைப் பாருங்கள். சில துளி பிட்டர்ஸ் (மூலிகைகளை மதுவில் ஊறவைத்த கசப்புச் சாறு) சேர்க்கும் பழக்கம் இருந்தால் அவர்கள் கிளாஸில் வேண்டாம், அதில் 40 சதவீதத்துக்கு மேல் ஆல்கஹால் உள்ளவை உண்டு. என்னைக் கேட்டால் ரம் இல்லாத ரம்முக்குக் காசு கொடுப்பதை விட, அந்த இடத்தில் இன்னும் கொஞ்சம் பழமும் சோடாவும் சேர்ப்பது மேல்.

கேள்வி: தோட்டத்தில் வெயிலில் நின்று நாற்பது எலுமிச்சை பிழிந்தேன். மறுநாள் கையில் எரிச்சல், பிறகு கொப்புளம், இப்போது கறுத்துவிட்டது. எலுமிச்சையில் ஏதோ ரசாயனம் தெளித்திருக்கிறார்கள். கடைக்காரர் மேல் புகார் கொடுக்கலாமா?

பதில்: கடைக்காரரைக் குறைசொல்ல இதில் முகாந்திரம் இருப்பதாகத் தெரியவில்லை. எலுமிச்சையில், குறிப்பாகத் தோலில், ஃபியூரனோகூமரின் என்ற இயற்கைப் பொருள் உண்டு. அது தோலில் பட்டு, மேலே வெயிலின் புற ஊதாக் கதிரும் பட்டால், தீக்காயம் போலவே ஆகும். எரிச்சல் ஒன்றிரண்டு நாள் கழித்துத் தெரிவதால் யாருக்கும் எலுமிச்சை மேல் சந்தேகம் வராது. கறுப்பு மறைய வாரங்களும் ஆகலாம், மாதங்களும் ஆகலாம், அதுவரை அந்த இடத்தில் வெயில் படாமல் பார்த்துக்கொள்ளுங்கள். கொப்புளம் பெரிதாக இருந்தால் டாக்டரிடம் காட்டுங்கள். அடுத்த முறை எலுமிச்சையை வீட்டுக்குள் பிழிந்து, சோப்புப் போட்டுக் கை கழுவிவிட்டு வெளியே எடுத்துப் போங்கள்.