பொந்தியானாக் தலைக்கு எண்ணெய் தேய்த்தால்: பேய்ச் சிரிப்புப் படக் கேள்வி பதில்

சொந்தக் காசில் இரண்டு பேய்க் குறும்படம் எழுதியவன் என்பதால், சிங்கப்பூரில் பேய்ச் சிரிப்புப் படம் எழுதுவது பற்றி என்னிடம் கேட்கிறீர்கள். தெரிந்ததைச் சொல்கிறேன்.

தெம்பனிஸிலிருந்து: அண்ணே, எழுதும்போது எனக்குச் சிரிப்பு வருகிறது. படித்துக் காட்டினால் ஒருவரும் சிரிக்கவில்லையே?

உங்கள் பாத்திரங்களும் சேர்ந்து சிரிக்கிறார்கள், அதான். பேய் அட்டைப் பல்லோடு வந்தாலும் எதிரில் நிற்பவன் நிஜமாகவே அலற வேண்டும். என் முதல் கதையில் பூசாரி, "பழைய படம் மாதிரி இருக்கே" என்று கண்ணடிப்பார். படு சொதப்பல். அதை வெட்டிவிட்டு, மந்திரித்த எலுமிச்சம்பழத்துக்கு வீட்டுக்காரரை ரசீது கேட்க வைத்தேன். அப்புறம்தான் சிரித்தார்கள்.

ஈசூனிலிருந்து: எந்தப் பேயை வைப்பது, மோகினியா, பொந்தியானாக்கா?

பொந்தியானாக், அதாவது மலாய்க் கதைகளில் வரும் பெண் பேய். 1957ல் சிங்கப்பூரின் கேத்தே-கெரிஸ் ஸ்டுடியோ எடுத்த 'பொந்தியானாக்' படத்தின் இயக்குநர் பி.என். ராவ், இந்தியாவிலிருந்து வந்தவர். நாயகி மரியா மெனாடோ. ஆகவே மலாய்ப் பேயை நாம் தொடலாமா என்ற தயக்கம் வேண்டாம். அவளிடம் அருமையான விதி ஒன்று இருக்கிறது: பிடரியில் ஆணி இறங்கினால் அழகான பெண், பிடுங்கினால் பேய். இப்போது அவளை நம் வீட்டு மருமகளாக்குங்கள். தீபாவளி விடியற்காலை, மாமியார் தலைக்கு எண்ணெய் தேய்க்கிறார். விரலில் ஏதோ தட்டுப்படுகிறது. "என்னம்மா இது, இப்படித் துரு பிடிச்சிருக்கு?" மீதியை நீங்களே எழுதிவிடுவீர்கள்.

ஜூரோங்கிலிருந்து: கையில் காசில்லை. பழைய படத் தோற்றம் வருமா?

வரும், எழுதும்போதே அதற்கு இடம் வைத்தால். கேமராவை அசைக்காமல் படப்பதிவை மட்டும் நிறுத்தி, நடிகரை விலக்கி, மறுபடி ஓடவிட்டால் ஆள் மாயம். 1890களிலேயே பிரெஞ்சுப் பட முன்னோடி மெலியஸ் செய்த வித்தை. கறுப்பு வெள்ளை என்றால் சாக்லேட் சிரப்தான் ரத்தம். எறும்பு மொய்க்கும், துடைத்துவிடுங்கள். அடுக்குமாடி புளோக் கீழ்த்தளத்தில் எடுப்பதானால் நகர மன்றத்திடம் முதலில் கேளுங்கள்.

தோ பாயோவிலிருந்து: சீனர்கள் ஆவிகளுக்குப் படைக்கும் ஏழாம் மாதத்தைக் கிண்டல் செய்யலாமா?

வழிபாட்டைத் தொடாதீர்கள். அந்த மாதம் நடக்கும் கெத்தாய் மேடைக் கச்சேரியில் முன்வரிசை நாற்காலிகளை ஆவிகளுக்காகக் காலியாக விடுவார்கள் இல்லையா? நல்ல இடம் கிடைத்தது என்று அங்கே போய் உட்காரும் நம் ஆளை எவ்வளவு வேண்டுமானாலும் கிண்டல் செய்யுங்கள்.

பிடோக்கிலிருந்து: ரத்தம் எவ்வளவு வைக்கலாம்?

யாருக்குப் படம் என்பதைப் பொறுத்தது. என்சி16 என்ற தணிக்கைத் தரம் கிடைத்தால் 16 வயதுக்குக் கீழ் உள்ளவர்கள் பார்க்க முடியாது. பள்ளிப் பிள்ளைகள்தான் உங்கள் கூட்டம் என்றால் வெட்டும் காட்சியைக் கதவுக்குப் பின்னால் வையுங்கள். முருங்கைக்காய் உடைக்கும் சத்தம் போதும்.