விண்ணப்பத்தில் ‘மாற்றுத்திறனாளி’ என்று குறித்தால் வாய்ப்பு குறையுமா?

கேள்வி: எனக்கு 26 வயது. விபத்தில் இடது காலை முழங்காலுக்குக் கீழே இழந்தேன். செயற்கைக் காலுடன் நடக்கிறேன். சான்றிதழில் 60 சதவீதம் என்று இருக்கிறது. ஓபிசி பிரிவு. எஸ்.எஸ்.சி. (மத்திய அரசின் பணியாளர் தேர்வாணையம்) பட்டதாரி தேர்வுக்கு விண்ணப்பிக்கப் போனபோது, “மாற்றுத்திறனாளி என்று போட்டால் உங்களை அந்த 4 சதவீத ஒதுக்கீட்டுக்குள்ளேயே அடைத்துவிடுவார்கள், போடாதீர்கள்” என்று கம்ப்யூட்டர் சென்டரில் சொன்னார்கள். இன்னொரு மத்திய அரசு அலுவலக அறிவிப்பில் கால் ஊனப் பிரிவுக்கு ‘0’ இடம் என்று போட்டிருந்தது. அது சட்டப்படி சரியா?

பதில்: கட்டாயம் குறியுங்கள். உங்களுக்குச் சொல்லப்பட்டது தவறான தகவல். இதை நம்பி உரிமையை விட்டுக்கொடுப்பவர்கள் நிறையப் பேர் இருப்பதால் சற்று விரிவாகவே சொல்கிறேன்.

2016ஆம் ஆண்டின் மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம், 34ஆவது பிரிவு, ‘4 சதவீதத்துக்குக் குறையாமல்’ என்றுதான் சொல்கிறது. அது குறைந்தபட்ச அளவு. அதற்கு மேல் எடுக்கக் கூடாது என்று எங்கும் இல்லை. மத்தியப் பணியாளர், பயிற்சித் துறை 2018 ஜனவரி 15 அன்று வெளியிட்ட ஆணை இன்னும் தெளிவு: வயது, மதிப்பெண் போன்ற எதிலும் தளர்வு பெறாமல், மற்றவர்களோடு போட்டியிட்டுத் தேர்வாகும் மாற்றுத்திறனாளியை ஒதுக்கீட்டுக் கணக்கில் சேர்க்கக் கூடாது. அதாவது, நீங்கள் பொது கட்-ஆஃப் தாண்டினால் பொது இடத்தில் போவீர்கள். உங்கள் பிரிவுக்கான இடம் இன்னொரு மாற்றுத்திறனாளிக்குக் கிடைக்கும். தாண்டாவிட்டால் ஒதுக்கீடு கை கொடுக்கும். ஓபிசி உரிமையும் போகாது. மாற்றுத்திறனாளி ஒதுக்கீட்டில் தேர்வானாலும், ஓபிசி என்ற முறையில் அந்தச் சமூகப் பிரிவின் கணக்கில்தான் வைக்கப்படுவீர்கள். (மத்திய அரசுப் படிவத்தில் ஓபிசி சான்றிதழ் வாங்கிவிட்டீர்களா? மாநில பி.சி. சான்றிதழை மட்டும் கொண்டுபோய்ச் சரிபார்ப்பில் மாட்டிக்கொள்பவர்கள் உண்டு.)

குறிக்காமல் விட்டால் என்ன ஆகும்? எழுத்துத் தேர்வில் ஜெயித்த பிறகு மருத்துவப் பரிசோதனை இருக்கிறது. செயற்கைக் காலை அங்கே மறைக்க முடியாது. சாதாரண விண்ணப்பதாரராகப் போய் நின்றால், சாதாரண உடல்தகுதி அளவுகோலை உங்கள் மீது வைக்க இடம் கொடுக்கிறீர்கள். அப்போது “நான் மாற்றுத்திறனாளி” என்று சொன்னால், பெரும்பாலும் பிரிவை மாற்ற அனுமதிக்க மாட்டார்கள்.

ஒரு விஷயத்தை மட்டும் கவனமாகப் பாருங்கள். எந்தப் பணிக்கு எந்த வகை மாற்றுத்திறனாளிகள் பொருத்தம் என்று மத்திய அரசு 2021 ஜனவரி 4 அன்று பட்டியல் வெளியிட்டது. அறிவிப்பின் இணைப்பில் ஒவ்வொரு பணிக்கும் நேரே ‘ஓ.எல்.’ (ஒரு கால்), ‘பி.எல்.’ (இரு கால்) என்று சுருக்கெழுத்துகள் இருக்கும். பக்கத்தில் உட்கார்தல், நிற்றல், நடத்தல் போன்ற வேலைத் தேவைகளும் இருக்கும். பொது இடத்தில் தேர்வானாலும் ‘ஓ.எல்.’ இருக்கும் பணியில்தான் நியமிப்பார்கள். பணி விருப்ப வரிசை கொடுக்கும்போது அந்த இணைப்பை எதிரில் வைத்துக்கொண்டு நிரப்புங்கள்.

இனி அந்த ‘0’. அது தவறாக இருக்கலாம், சரியாகவும் இருக்கலாம். 4 சதவீதத்தில் பார்வை, செவித்திறன், கை கால் இயக்கம் ஆகிய மூன்றுக்கும் தலா 1. ஆட்டிசம், அறிவுசார் குறைபாடு, மனநோய் போன்றவற்றுக்கும் பல்வகைக் குறைபாட்டுக்கும் சேர்த்து 1. இதற்காக 100 புள்ளி ரோஸ்டர் ஒன்றை, அதாவது காலியிடங்களை வரிசையாக எண்ணி, எந்த எண் யாருக்கு என்று காட்டும் பதிவேட்டை, ஒவ்வொரு அலுவலகமும் வைத்திருக்க வேண்டும். 1, 26, 51, 76 ஆகியவை ஒதுக்கீட்டுப் புள்ளிகள். உங்கள் பிரிவின் முறை 51இல் வருகிறது. ஆண்டுக்குப் பத்து பேரை எடுக்கும் அலுவலகம் ரோஸ்டரை முதலிலிருந்து தொடங்கினால், ஆறாம் ஆண்டில்தான் அந்தப் புள்ளியைத் தொடும். சின்ன அலுவலகங்களில் ‘0’ அடிக்கடி தென்படுவதற்கு இது ஒரு காரணம்.

ஆனால் “எங்கள் வேலை உங்களுக்குப் பொருந்தாது, அதனால் கணக்கில் சேர்க்கவில்லை” என்று சொன்னால் ஏற்காதீர்கள். பொருத்தமான பணிகளை மட்டும் எண்ணிச் சதவீதம் போடும் பழக்கத்தை உச்ச நீதிமன்றம் 2013 அக்டோபர் 8 அன்று, தேசியப் பார்வையற்றோர் கூட்டமைப்பு வழக்கில் நிராகரித்தது. மொத்தக் காலியிடங்களை வைத்தே கணக்கிட வேண்டும். ஓர் அலுவலகத்துக்கு விலக்கு வேண்டுமென்றால் அரசு முறைப்படி அறிவிக்கை வெளியிட்டிருக்க வேண்டும். அதிகாரி வாயால் சொல்வது விலக்கு ஆகாது. ஆள் கிடைக்காமல் போன ஒதுக்கீட்டு இடம் அடுத்த ஆண்டுக்குப் போக வேண்டும். அப்போதும் கிடைக்காவிட்டால் வேறு வகை மாற்றுத்திறனாளிக்குத் தரலாம். அப்படியும் யாரும் இல்லையென்றால்தான் மற்றவர்களுக்கு.

எது நடந்திருக்கிறது என்பதை ரோஸ்டர் பதிவேடுதான் சொல்லும். தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டணத்துடன் மனுப் போடுங்கள். “ஏன் ஒதுக்கவில்லை?” என்று கேட்காதீர்கள், அப்படிக் கேட்டால், விளக்கம் தர வேண்டியதில்லை என்று தட்டிக்கழிக்க வழி கிடைக்கும். ஆவணமாகக் கேளுங்கள்: அந்தப் பிரிவுப் பணிகளின் மாற்றுத்திறனாளி ரோஸ்டர் பதிவேட்டின் நகல், முந்தைய ஆண்டிலிருந்து கொண்டுவரப்பட்ட இடங்களின் விவரம், விலக்கு அறிவிக்கை இருந்தால் அதன் நகல். 30 நாளில் பதில் வர வேண்டும்.

பதிவேட்டில் தவறு தெரிந்தால் அந்த அலுவலகத்தின் குறைதீர் அலுவலருக்கு எழுத்துமூலம் புகார் கொடுங்கள். மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டத்தின் 23ஆவது பிரிவின்படி அப்படி ஒருவரை நியமிப்பது கட்டாயம். புகார் பதிவாகி இரண்டு வாரத்துக்குள் அவர் அதை விசாரிக்க வேண்டும். மத்திய அரசு அலுவலகம் என்பதால் அடுத்து டெல்லியில் உள்ள மாற்றுத்திறனாளிகளுக்கான தலைமை ஆணையரிடம் போகலாம். அவர் பரிந்துரை செய்தால், எடுத்த நடவடிக்கையை மூன்று மாதத்துக்குள் அந்த அலுவலகம் தெரிவிக்க வேண்டும். ஏற்காவிட்டால் காரணத்தையும் சொல்ல வேண்டும்.

இந்தக் கடிதப் போக்குவரத்திலேயே காலத்தைக் கடத்திவிடாதீர்கள். மத்திய அரசுப் பணி வழக்குகளை விசாரிக்கும் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்தில் வழக்குப் போட பொதுவாக ஓராண்டுதான் கெடு. சென்னையிலேயே அதன் அமர்வு இருக்கிறது. அறிவிப்பு, விண்ணப்ப நகல், தகவல் உரிமை மனுவுக்கு வந்த பதில் ஆகியவற்றைத் தேதி வாரியாக இப்போதிருந்தே ஒரு ஃபைலில் சேர்த்து வையுங்கள்.