வலையைக் கழுவினால் போதுமா? ஏ.சி. ஃபில்டர் பற்றி வாசகர்கள் கேட்டவை

கோடை தொடங்கியதும் எனக்கு வரும் கேள்விகளில் பாதி ஃபில்டரைப் பற்றித்தான். எது வாங்குவது, எப்போது மாற்றுவது, கழுவலாமா, கூடாதா? இந்த முறை குளிர்நாட்டிலிருந்தும் இரண்டு பேர் எழுதியிருக்கிறார்கள். எல்லாவற்றையும் சேர்த்தே பார்த்துவிடலாம்.

புதிதாக ஒன்றரை டன் ஸ்பிளிட் ஏ.சி. வாங்கினோம். "பி.எம். 2.5 ஃபில்டர்" என்று ஒரு சின்ன அட்டையை வருடா வருடம் மாற்றச் சொல்கிறார்கள். மாற்றத்தான் வேண்டுமா? (திருச்சி)

ஏ.சி.யின் முன்மூடியைத் தூக்கிப் பாருங்கள். பெரிதாக இரண்டு நைலான் வலைகள் இருக்கும். அவற்றின் வேலை உள்ளே காற்றைக் குளிர்விக்கும் குழாய்ச் சுருளில், அதாவது காயிலில், தூசு படியாமல் காப்பது. நம் நுரையீரலைக் காப்பதற்காக அவற்றை வைக்கவில்லை. தலைமுடி, துணி நூல், கண்ணுக்குத் தெரிகிற தூசு, இவ்வளவுதான் அந்த வலையில் நிற்கும். ஒரு தலைமுடியின் தடிமன் சுமார் 50 முதல் 70 மைக்ரான் (மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்குதான் ஒரு மைக்ரான்). பி.எம். 2.5 என்பது 2.5 மைக்ரானும் அதற்குக் கீழும் உள்ள துகள்கள். கொசுவலையில் மாவு சலித்தால் எவ்வளவு நிற்கும்? அதே கதைதான்.

அதனால்தான் அந்த அட்டையைக் கூடுதலாகக் கொடுக்கிறார்கள். அது நுண்துகளைப் பிடிக்கவே பிடிக்காது என்று சொல்ல மாட்டேன். ஆனால் பெரும்பாலான மாடல்களில் அது வலையின் ஒரு பகுதியை மட்டும் மறைக்கிறது. காற்று தடை இல்லாத பக்கமாகவே போகும், அட்டை வழியாகப் போவது கொஞ்சம்தான். சரி, முழு வலையையும் மூடிவிடலாமே என்றால் ஸ்பிளிட் ஏ.சி.யின் ஃபேனுக்கு அவ்வளவு தடையைத் தாண்டி இழுக்கும் சக்தி கிடையாது. குளிர் குறையும், கரண்ட் செலவு கூடும்.

கூடவே வந்த அட்டையை அதன் ஆயுள் முடியும்வரை வைத்துக்கொள்ளுங்கள். கையேட்டில் கட்டாயம் என்று இருந்தால் தவிர, அப்புறம் கழற்றிவிடலாம். வலை மட்டும் எப்போதும் சுத்தமாக இருக்கட்டும். நுண்துகள்தான் கவலை என்றால் அதற்கான வழி வேறு, கீழே மணலி வாசகிக்குச் சொல்லியிருக்கிறேன்.

கூலிங் குறைந்துவிட்டது. மெக்கானிக் வந்து பார்த்து, கேஸ் போட வேண்டும் என்கிறார். போன வருடமும் போட்டோம். (மதுரை)

ஐயா, இதைப் படிக்கும்போது எனக்கு வருத்தமாக இருந்தது. ஏ.சி. கேஸ் பெட்ரோல் மாதிரி ஓட ஓடத் தீர்வதில்லை. மூடிய குழாய்க்குள் அதே வாயுதான் சுற்றிக்கொண்டே இருக்கிறது. எங்கேயாவது லீக் இருந்தால் மட்டுமே குறையும்.

முதலில் வலையைக் கழற்றிக் கழுவுங்கள். தூசு அடைத்த வலை காற்றை மறிக்கும். காயில் மேல் போதுமான காற்று போகாவிட்டால் அது அளவுக்கு மீறிக் குளிர்ந்து பனி பிடிக்கும். ஏ.சி.யை நிறுத்தியதும் அந்தப் பனி உருகிச் சுவரில் தண்ணீர் வழியும். அறையும் குளிராது. பார்க்கிறவருக்கு இது கேஸ் குறைந்த மாதிரியேதான் தெரியும்.

கழுவிய பிறகும் கூலிங் வரவில்லை என்றால், "லீக் எங்கே? காட்டுங்கள்" என்று கேளுங்கள். லீக்கை அடைக்காமல் கேஸ் நிரப்புவது ஓட்டைக் குடத்தில் தண்ணீர் ஊற்றுவதுதான். காசு மட்டும் போகவில்லை. இப்போதைய ஏ.சி.களில் பரவலாக இருக்கும் ஆர்32 வாயு ஒரு கிலோ கசிந்தால், அது சுமார் 675 கிலோ கார்பன் டை ஆக்சைடு அளவுக்குப் பூமியைச் சூடாக்கும். உங்கள் வீட்டு ஏ.சி. சூழலுக்குச் செய்யும் கெடுதலில் இது ஒரு பெரிய பங்கு.

அழுக்கு ஃபில்டரை மாற்றிச் சுத்தமானது போட்டால் ஏ.சி. இழுக்கும் மின்சாரத்தில் 5 முதல் 15 சதவீதம் வரை குறையும் என்பது அமெரிக்க எரிசக்தித் துறை சொல்லும் கணக்கு. இரவுக்கு 8 யூனிட் என்று வைத்துக்கொண்டால் 60 நாளில் 480 யூனிட். அதில் குறைந்தபட்சமான 5 சதவீதமே 24 யூனிட். நம் ஊரில் இரண்டு மாதத்துக்கு 500 யூனிட்டைத் தாண்டினால் ஸ்லாப் மாறும். அந்த எல்லையில் நிற்கும் வீட்டுக்கு 24 யூனிட் பெரிய விஷயம். இன்னொன்று, குளிர் வரவில்லை என்று பலரும் 18-க்கு இறக்கிவிடுகிறார்கள். ஒரு டிகிரி ஏற்றி வைத்தால் சுமார் 6 சதவீதம் மின்சாரம் மிச்சம் என்கிறது மத்திய அரசின் எரிசக்தித் திறன் அமைப்பு. வலை சுத்தமாக இருந்தால் 25-லேயே நிம்மதியாகத் தூங்கலாம்.

எங்கள் வீட்டிலேயே நான்கு தையல் மெஷின் ஓடுகிறது. ஃபில்டரை எத்தனை நாளுக்கு ஒருமுறை கழுவ வேண்டும்? (திருப்பூர்)

மற்ற வீடுகளுக்கு இரண்டு வாரம் என்று சொல்வேன். உங்களுக்கு வாரம் ஒருமுறை. பஞ்சுத் தூசு வலையில் கம்பளி மாதிரிப் படரும்.

தூசு படிந்த பக்கம் கீழே இருக்கும்படி பிடித்து, பின்பக்கத்திலிருந்து தண்ணீர் விடுங்கள். தூசு வந்த வழியே வெளியேறும். முன்பக்கத்திலிருந்து அடித்தால் தூசு வலைக்கண்ணுக்குள் போய் இறுகிக்கொள்ளும். பிசுக்கு இருந்தால் கொஞ்சம் சோப்பு நீர் போதும். கொதிநீரும் முரட்டு பிரஷும் வேண்டாம், வலை நெளிந்துவிடும். நிழலில் முழுசாகக் காய்ந்த பிறகு மாட்டுங்கள். ஈரத்தோடு மாட்டினால் பூஞ்சை வாடை வரும்.

மணலியில் இருக்கிறோம். ஆறு வயதுப் பையனுக்கு வீசிங். ஏர் ப்யூரிஃபையர் வாங்கினால் பலன் இருக்குமா? விலையைப் பார்த்தால் பயமாக இருக்கிறது. (சென்னை)

இருக்கும் அம்மா. ஆனால் அதற்கு முன்னால் வீட்டுக்குள் என்ன புகைகிறது என்று பாருங்கள். ஒரு கொசுவர்த்திச் சுருள் முழுசாக எரிந்தால் வரும் பி.எம். 2.5, 75 முதல் 137 சிகரெட் எரிந்ததற்குச் சமம் என்று 2003-ல் வெளியான ஓர் ஆய்வு கண்டது. சுருளைக் கொளுத்திவிட்டு ப்யூரிஃபையரை ஓடவிடும் வீடுகளை நான் நிறையப் பார்த்திருக்கிறேன். ஜன்னலுக்கு வலை, கட்டிலுக்குக் கொசுவலை, இரண்டும் முதலில். சாம்பிராணி, ஊதுபத்தியைப் பையன் படுக்கும் அறையில் வேண்டாம். சமைக்கும்போது எக்சாஸ்ட் ஃபேன் ஓடட்டும். இவற்றுக்கு ஆகும் செலவு ப்யூரிஃபையர் விலையில் ஒரு சின்னப் பங்குதான்.

அடுத்து மெஷின். எல்லோரும் "ஹெப்பா" என்ற சொல்லைத் தேடுகிறார்கள். 0.3 மைக்ரான் துகளில் 99.97 சதவீதத்தைப் பிடிப்பதுதான் ஹெப்பா. நல்லதுதான். ஆனால் வீட்டு அறையில் அதைவிட முக்கியமானது எவ்வளவு காற்று அதன் வழியாகப் போகிறது என்பது. 95 சதவீதம் பிடித்தாலும் நிறையக் காற்றைச் சுற்றவிடும் மெஷின், 99.97 பிடித்துக்கொண்டு மெதுவாகச் சுற்றும் மெஷினைவிட அறையைச் சீக்கிரம் சுத்தமாக்கும். இதற்கான அளவுதான் பெட்டியில் சி.ஏ.டி.ஆர். என்று போட்டிருப்பது. அறையின் பரப்பு எத்தனை சதுர அடியோ அதில் மூன்றில் இரண்டு பங்கு, நிமிடத்துக்கு இத்தனை கன அடி என்று வர வேண்டும். 12-க்கு 10 அறை என்றால் 120 சதுர அடி, அதற்கு 80 கன அடி. நம் கடைகளில் மணிக்கு இத்தனை கன மீட்டர் என்று போட்டிருப்பார்கள், அந்தக் கணக்கில் சுமார் 136. ஆனால் அது முழு வேகத்தில் கிடைக்கும் அளவு. இரவில் அந்த இரைச்சலில் குழந்தை தூங்காது, நீங்களே வேகத்தைக் குறைத்துவிடுவீர்கள். அதனால் 200-க்கு மேல் உள்ளதை வாங்குங்கள்.

மெஷின் விலையைக் கேட்கும் முன் மாற்று ஃபில்டரின் விலையைக் கேளுங்கள், எத்தனை மாதத்துக்கு ஒன்று என்றும். மூன்று வருடத்துக்குக் கூட்டிப் பார்த்தால் மலிவாகத் தெரிந்த மெஷினே அதிகம் விழுங்குவது உண்டு. "கழுவக்கூடிய ஹெப்பா" என்றால் கவனம், வீட்டு மெஷின்களில் வரும் வழக்கமான ஹெப்பா தாள் தண்ணீருக்குத் தாங்காது. ஓசோன் விடும் மெஷின் இருக்கவே கூடாது. ஓசோன் மூச்சுக்குழாயைப் புண்ணாக்கும், வீசிங் உள்ள குழந்தைக்கு அது நஞ்சு.

50 வாட் மெஷின் பத்து மணி நேரம் ஓடினால் அரை யூனிட்தான். ஸ்பிளிட் ஏ.சி. வெளிக்காற்றை உள்ளே இழுப்பதில்லை, அறைக்குள் இருக்கும் காற்றையே சுற்றுகிறது. அதனால் மூடிய ஏ.சி. அறையில் ப்யூரிஃபையர் நன்றாக வேலை செய்யும். வெளியே காற்று எப்படி இருக்கிறது என்பதை மத்திய மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்தின் சமீர் செயலியில் பார்க்கலாம். காற்று தெளிந்திருக்கும் நேரமாகப் பார்த்து ஜன்னலைத் திறந்துவிடுங்கள். போகிப் புகையும் தீபாவளிப் புகையும் உள்ள நாட்களில் திறக்காதீர்கள். டாக்டர் கொடுத்த மருந்தை மட்டும் மெஷினை நம்பி நிறுத்திவிடாதீர்கள்.

வீட்டைச் சூடாக்கும் எங்கள் ஃபர்னஸுக்கு 16×25×1 அங்குல ஃபில்டர். கடையில் மெர்வ் (ஃபில்டரின் பிடிப்புத் திறனைச் சொல்லும் எண்) 8, 11, 13 என்று இருக்கிறது. உயர்ந்ததாக இருக்கட்டும் என்று 13 போட்டேன். இப்போது விசில் மாதிரிச் சத்தம் வருகிறது. (மார்க்கம், கனடா)

சத்தம் சொல்வது இதுதான்: காற்று உள்ளே வரத் திணறுகிறது, கிடைத்த இடுக்கு வழியாகச் சீறிக்கொண்டு வருகிறது. அப்படி இடுக்கு வழியாக வரும் காற்று ஃபில்டரைத் தொடுவதே இல்லை.

உங்கள் வீட்டில் குளிர்காலச் சூடும் கோடைக் குளிரும் ஒரே ஃபேன், ஒரே ஃபில்டர் வழியாகத்தான் வருகின்றன. அதில் தடை கூடினால் குளிர்காலத்தில் ஃபர்னஸ் சூடேறிப் பாதுகாப்பு ஸ்விட்ச் அணைத்துவிடும். கோடையில் காயிலில் பனி கட்டும். மெர்வ் 8 என்றால் 3 முதல் 10 மைக்ரான் வரையிலான துகளில் குறைந்தது 70 சதவீதத்தைப் பிடிக்கும். மெர்வ் 13 அதைவிட நுணுக்கமான, 0.3 முதல் 1 மைக்ரான் வரையிலான துகளிலும் குறைந்தது பாதியைப் பிடிக்கும். காட்டுத்தீப் புகை இந்த அளவில்தான் இருக்கும். 13 மோசமில்லை, ஒரு அங்குலத் தடிமனில் அதற்கு மடிப்புப் போட இடம் போதவில்லை என்பதுதான் சிக்கல்.

நிரந்தரத் தீர்வு, டெக்னீஷியனை அழைத்துக் காற்றழுத்தத்தை அளக்கச் சொல்லி, நான்கு அங்குல ஃபில்டருக்கான பெட்டி பொருத்துவது. தாள் பரப்பு பல மடங்கு கூடும், தடை குறையும். ஒரு அங்குலம் ஒன்று முதல் மூன்று மாதம் வரும், நான்கு அங்குலம் ஆறு மாதம் முதல் ஒரு வருடம். குப்பைக்குப் போகும் ஃபில்டர் எண்ணிக்கையும் அதற்கேற்பக் குறையும். பெட்டிக்கு ஆகும் செலவு சில வருடத்தில் திரும்பிவிடும்.

இப்போதைக்குச் செலவு வேண்டாம் என்றால் சாதாரண நாளில் 8 அல்லது 11 போடுங்கள். 2023 ஜூனில் வந்த மாதிரிப் புகை வரும் நாட்களுக்கு நான்கு மெர்வ் 13 ஃபில்டரைப் பெட்டியின் நான்கு சுவர் மாதிரி நிறுத்தி, அடியில் அட்டையும் மேலே 20 அங்குலப் பெட்டி ஃபேனும் வைத்து டேப் ஒட்டி நீங்களே ஒரு ப்யூரிஃபையர் செய்துகொள்ளலாம். 2020-ல் ரிச்சர்ட் கோர்சியும் ஜிம் ரோசென்தாலும் உருவாக்கிய முறை இது. மலிவு, நிறையக் காற்றைச் சுற்றும்.

சில பெட்டிகளில் எம்.பி.ஆர்., எஃப்.பி.ஆர். என்று எண் போட்டிருப்பார்கள். அவை அந்தந்தக் கம்பெனி வைத்துக்கொண்ட அளவுகோல்கள். ஒப்பிட மெர்வ் எண்ணை மட்டும் பாருங்கள். சட்டத்தில் உள்ள அம்புக்குறி ஃபேன் பக்கம் பார்க்கட்டும். மாட்டிய தேதியைப் பேனாவால் ஓரத்தில் எழுதிவையுங்கள். வீட்டில் ஹெச்.ஆர்.வி. (வெளியேறும் காற்றின் சூட்டை உள்ளே வரும் புதுக் காற்றுக்குக் கொடுக்கும் காற்றோட்டக் கருவி) இருந்தால் அதற்குள்ளும் ஒரு ஃபில்டர் உண்டு, பலரும் அதை மறந்தே போகிறார்கள்.

தூக்கி எறியும் ஃபில்டருக்குப் பதில் கழுவிப் பயன்படுத்தும் ஃபில்டர் போட்டால் சூழலுக்கு நல்லதுதானே? (எடிசன், நியூ ஜெர்சி)

நானும் ஒரு காலத்தில் அப்படித்தான் நினைத்தேன். ஃபர்னஸுக்கு வரும் கழுவும் ஃபில்டர்களில் பல, பெரிய தூசை மட்டுமே நிறுத்தும். நுண்துகள் வேண்டும் என்று வாங்கியவருக்கு அதனால் பயனில்லை. ஒருமுறை பயன்படுத்தும் மடிப்பு ஃபில்டரைக் கழுவி மறுபடி மாட்டவும் கூடாது. அதன் இழைகளில் ஏற்றியிருக்கும் மின்னூட்டம்தான் நுண்துகளை இழுத்துப் பிடிக்கிறது. நனைத்துக் கழுவினால் அந்தப் பிடிப்பு பழுதாகும்.

ஃபில்டர் ஒன்றின் சூழல் செலவில் பெரும்பகுதி அது உபயோகத்தில் இருக்கும்போது ஃபேன் எரிக்கும் மின்சாரம். குப்பைக்குப் போகும் அட்டையும் இழையும் அதற்கு அடுத்துதான். அதனால் தடை குறைந்த, தடிமனான ஃபில்டரை நேரத்துக்கு மாற்றுவதே பசுமையான வழி. மாதம் முடிந்ததும் பழக்கத்தில் மாற்றாதீர்கள், எடுத்துப் பார்த்து அடைத்திருந்தால் மாற்றுங்கள்.

சமையல் வாடைக்குக் கார்பன் ஃபில்டர் சொன்னார்கள். வெயிலில் காயவைத்தால் புதுசாகிவிடுமா? (பொள்ளாச்சி)

ஆகாது. கார்பன் வாடையைத் தன் துளைகளுக்குள் ஒட்டவைத்துக்கொள்ளும், துளை நிரம்பினால் முடிந்தது. தொழிற்சாலையில் பல நூறு டிகிரி சூட்டில்தான் அதை மீட்க முடியும். வாங்குவதென்றால் எடை பாருங்கள். கரி தூவிய மெல்லிய பஞ்சு சில வாரம்தான் வரும், கிராம் கணக்கில் குருணை போட்டது நாள்பட உழைக்கும். தேங்காய்ச் சிரட்டைக் கரியில் செய்ததாகக் கேளுங்கள், அது உங்கள் பக்கத்துச் சரக்கு. காங்கேயம், கோவை வட்டாரத்தில் சிரட்டைக் கரி பெரிய தொழில்.

செடி வைத்தால் ப்யூரிஃபையரே வேண்டாமாமே? (சேலம்)

செடி வையுங்கள், மனசுக்கு நல்லது. ஆனால் 2019-ல் பழைய ஆய்வுகளை எல்லாம் சேர்த்துக் கணக்குப் போட்டவர்கள், ஜன்னல் வழி வரும் காற்றோட்டத்துக்கு ஈடாக வேண்டுமானால் ஒரு சதுர மீட்டருக்கு 10 முதல் 1,000 செடி தேவை என்றார்கள். அதுவும் அவர்கள் பார்த்தது ரசாயன வாயுக்களை, நுண்துகளை அல்ல.

ஏ.சி. கட்டுப்படியாகாது, ஏர் கூலர்தான். அதில் தண்ணீர் ஊறி நிற்கும் பேட் மரச்சீவலில் வாங்குவதா, தேன்கூடு வடிவத்தில் வாங்குவதா? (வேலூர்)

வேலூரின் வறண்ட வெயிலுக்குக் கூலர் அருமையாக எடுபடும். கடலோரப் புழுக்கத்தில்தான் அது தோற்கும். மரச்சீவல் மலிவு, மக்கும், ஆனால் ஒரு கோடைக்கு மேல் வராது, உதிர்ந்து பம்பையும் அடைக்கும். தேன்கூடு விலை கூட, ஆனால் சில கோடைகள் தாங்கும். நான் தேன்கூடுதான் சொல்வேன். உங்கள் தண்ணீரில் உப்பு அதிகம் என்றால் மழைநீர் சேர்த்து வைத்து ஊற்றுங்கள், பேடில் வெள்ளையாகப் படிவது குறையும். ஜன்னலைத் திறந்து வைத்துத்தான் கூலர் ஓட்ட வேண்டும். வாரம் ஒருமுறை தொட்டியைக் காலிசெய்து உட்பக்கத்தைத் தேய்த்துக் கழுவுங்கள். டெங்கு கொசு முட்டையிடுவது அந்தச் சுவரோரத்தில்தான், தண்ணீரை மட்டும் மாற்றினால் முட்டை ஒட்டிக்கொண்டே இருக்கும்.