ரீச்சரிடம் கேளுங்கள்: ஒரே ஒரு தடவை வாய் திறந்தவள்

சென்ற இதழில் பாட் பார்க்கர் என்ற ஆங்கில நாவலாசிரியையைப் பற்றி நாலு வரி எழுதியிருந்தேன். இம்முறை வந்த கடிதங்களில் பாதி அவரைப் பற்றித்தான். ஆகவே இந்த இதழ் முழுவதும் அவருக்கே.

ரீச்சர், ட்ரோய் யுத்தத்தை ஓர் அடிமைப் பெண்ணின் வாயால் சொல்லும் நாவலைப் புகழ்ந்திருந்தீர்கள். பழைய காவியத்தை இப்படி மாற்றி எழுதலாமா? (வாசகி, பாண்டிருப்பு)

மகள், நீங்கள் பாண்டிருப்பு ஆள் என்பதால் இதைச் சொல்வது எனக்கு லேசு. உங்கள் ஊர்த் திரௌபதை அம்மன் கோயிலில் பதினெட்டு நாளும் பாரதக் கதைதானே. தன்னைத் தோற்ற பிறகு என்னை வைத்து ஆட அவருக்கு என்ன உரிமை என்று சபையில் கேட்டவள் திரௌபதை. ட்ரோய் யுத்தத்தைப் பாடும் ஹோமரின் கிரேக்கக் காவியம் இலியட். அதில் வரும் பிரைசெயிஸுக்கு அப்படிக் கேட்கவும் இடமில்லை. கிரேக்க வீரன் அக்கிலீஸ் அவளுடைய ஊரை அழித்து, புருஷனைக் கொன்று, அவளைப் பரிசாக எடுத்துக்கொள்கிறான். பிறகு கிரேக்கப் படைத் தலைவன் அகமெம்னன் அவளைப் பறித்துக்கொள்ள, அக்கிலீஸ் கோபித்துக்கொண்டு சண்டைக்குப் போகாமல் இருந்துவிடுகிறான். காவியமே அந்தக் கோபத்தைப் பற்றியதுதான். ஆனால் அந்தப் பெண் 24 காண்டங்களில் ஒரே ஒரு தடவைதான் வாய் திறக்கிறாள். 19ஆம் காண்டத்தில், அக்கிலீஸின் நண்பன் பத்ரோக்ளஸின் உடலில் விழுந்து அழும்போது.

அது ஒப்பாரிதான், மகள். என் புருஷன் செத்ததைக் கண்டேன், மூன்று சகோதரர்களையும் அதே நாளில் இழந்தேன், அப்போது அழாதே என்று சொன்னவன் நீயல்லவா என்று சொல்லிச் சொல்லி அழுகிறாள். சுற்றி நின்ற பெண்களும் அழுகிறார்கள். பத்ரோக்ளஸுக்காக அழுவதுபோல் தெரிந்தாலும் ஒவ்வொருத்தியும் தன் தன் துக்கத்துக்குத்தான் அழுதாள் என்கிறார் ஹோமர்.

அந்த வரிக்கு வந்தபோது புத்தகத்தை மூடி வைத்துவிட்டேன். 1991இல் எங்கள் தெருவில் ஒரு செத்த வீடு. செத்தவர் வயது போன மனிசன், வருத்தம் வந்து போனவர். அங்கே ஒப்பாரி வைத்த ஒரு பெரியம்மா, முந்திய வருடம் காணாமல் போன தன் மகனைத்தான் முழுக்கப் பாடினா. ஒருவரும் அவவை நிறுத்தவில்லை. காணாமல் போனவனுக்குச் செத்த வீடு வைக்க முடியாதே. அழுவதற்கு அவவுக்கு இன்னொருவருடைய செத்த வீடு வேண்டியிருந்தது.

பார்க்கர் 2018இல் எழுதிய 'த சைலன்ஸ் ஒப் த கேர்ள்ஸ்' நாவலில் கதையில் பெரும்பகுதியைச் சொல்பவள் பிரைசெயிஸ். எல்லாரும் மாவீரன் என்று பாடுகிற அக்கிலீஸை நாங்கள் கசாப்புக்காரன் என்றுதான் சொன்னோம் என்று தொடங்குகிறாள். ட்ரோய் அரசர் கிழவர் பிரியாம், மகனைக் கொன்ற அக்கிலீஸின் கையை முத்தமிட்டு மகனின் உடலைக் கேட்கிற இடம் இலியட்டில் எல்லாரும் உருகும் இடம். நாவலில் அதைப் பார்த்து நிற்கும் பிரைசெயிஸ், கொன்றவனுக்குப் பணிந்து கிடப்பது எங்களுக்கு எல்லா இரவும் நடப்பதுதானே என்று நினைக்கிறாள். ஹோமரின் சம்பவம் ஒன்றும் மாறவில்லை. பார்க்கிற இடம்தான் மாறியிருக்கிறது. நம்முடைய அண்ணாவிமாரும் பாரதத்தை வடமோடிக் கூத்தில் ஆட வைக்கும்போது இந்தச் சுதந்திரத்தை எடுத்துக்கொள்கிறார்கள். எழுதலாம், தாராளமாக எழுதலாம்.

ஒரு குறையும் சொல்லவேண்டும். அந்தக் கிரேக்கச் சிப்பாய்கள் இன்றைய இங்கிலாந்துப் பொடியன்கள் மாதிரிப் பேசுவதும் பாடுவதும் முதலில் என் காதில் உறுத்தியது. இரண்டாம் தடவை வாசித்தபோது உறுத்தல் குறைந்தது, முற்றாகப் போகவில்லை.

அவருடைய புத்தகங்களில் எதிலிருந்து தொடங்குவது? (மாணவன், வந்தாறுமூலை)

தம்பி, 1991இல் வந்த 'ரீஜெனரேஷன்'. அது பிடித்தால் 'த ஐ இன் த டோர்' (1993), அப்புறம் புக்கர் பரிசு பெற்ற 'த கோஸ்ட் ரோட்' (1995). மூன்றும் ஒரே தொடர். ஆங்கிலக் கவிஞர் சஸூன் 1917இல் முதல் உலகப் போரைத் தொடர்வதற்கு எதிராக அறிக்கை விடுகிறார். அவரை எடின்பரோவில் கிரெய்க்லொக்கார்ட் என்ற மனநோய் மருத்துவமனைக்கு அனுப்புகிறார்கள். அங்கே டொக்டர் ரிவர்ஸ். இருவரும் உண்மையில் வாழ்ந்தவர்கள். ரிவர்ஸின் வேலை, உடைந்துபோன ஆட்களைச் சுகப்படுத்துவது. சுகப்பட்டவன் திரும்பவும் போர்முனைக்குத்தான் போவான். இது அந்த டொக்டருக்கும் தெரியும். தொடர் முழுவதையும் தூக்கி நிறுத்துவது இந்த வேதனைதான்.

இன்னொரு கவிஞர் ஓவனும் அந்த மருத்துவமனையில் இருந்தவர். 1918 நவம்பர் 4ஆம் தேதி ஒரு கால்வாயைக் கடக்கையில் கொல்லப்பட்டார். ஏழு நாளில் போர் முடிந்தது. மூன்றாம் நாவலைத் தொடங்கும்போதே இது உங்களுக்குத் தெரிந்திருக்கட்டும். தெரிந்துகொண்டு வாசித்தால்தான் அதன் பாரம் புரியும்.

அந்த ரிவர்ஸ் தமிழ்நாட்டுக்கு வந்தவரா? (வாசகர், அக்கரைப்பற்று)

ஆம். மானிடவியலாளராக நீலகிரியில் தோடர்களிடையே தங்கி, அவர்களைப் பற்றி 1906இல் பெரிய நூல் வெளியிட்டார். பசிபிக் கடலில் உள்ள மெலனீசியத் தீவுகளிலும் ஆய்வு செய்தார். 'த கோஸ்ட் ரோட்'டில் அந்தத் தீவு நினைவுகள் வருகின்றன.

நாம் பட்டது போதாதா ரீச்சர்? போர்க் கதைகளை வாசித்தால் பழையதெல்லாம் கிளறாதா? (வாசகி, கல்லடி)

கிளறும் தங்கச்சி. வேண்டாம் என்று தோன்றினால் வாசிக்கவேண்டாம், அதில் ஒரு குற்றமும் இல்லை. எனக்கு நடந்ததை மட்டும் சொல்கிறேன்.

படுவான்கரையில் படிப்பித்த காலத்தில் எட்டாம் வகுப்பில் ஒரு பொடியன் இருந்தான். தகப்பனை வீட்டு வாசலில் வைத்துக் கொண்டுபோன பிறகு அவன் பேசுவதை விட்டுவிட்டான். எல்லாரும் அவனைப் பேச வைக்கப் பார்த்தோம். ஒரு நாள் நான் பிரம்பைக் காட்டி மிரட்டினேன். அவன் என் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றான்.

பல வருடம் கழித்து 'ரீஜெனரேஷன்' வாசித்தேன். அதில் யெலண்ட் என்ற டொக்டர், வாய் பேச முடியாமல் போன ஒரு சிப்பாயை அறைக்குள் பூட்டி, பேசும்வரைக்கும் தொண்டையில் மின்சாரம் பாய்ச்சுகிறார். ரிவர்ஸ் அதைப் பார்த்துக்கொண்டு நிற்கிறார். அந்தக் கம்பி என் கையில் இருந்ததுபோல இருந்தது. அன்று இரவு நான் நித்திரை கொள்ளவில்லை. ரிவர்ஸ் தானும் திக்குவாய்க்காரர். நோயாளியின் பக்கத்தில் இருந்து, அவன் சொல்லத் தொடங்கும்வரை காத்திருப்பவர்.

எங்கள் பொடியன் இரண்டு தவணை கழித்து, பக்கத்து வாங்கில் இருந்தவனிடம் அழிறப்பர் கேட்டான். நான் கரும்பலகைப் பக்கம் திரும்பி நின்றேன்.

எனக்கு 43 வயது, மூன்று பிள்ளைகள். எழுத ஆசை. இனிமேல் தொடங்கலாமா? (வாசகி, வெல்லாவெளி)

தங்கச்சி, பார்க்கரின் முதல் நாவல் 'யூனியன் ஸ்ட்ரீட்' 1982இல் வந்தபோது அவருக்கு 39 வயது. வடக்கு இங்கிலாந்தில் தோர்ணபி என்ற தொழிற்சாலை ஊரில் பிறந்தவர். வளர்த்தது பாட்டியும் பாட்டியின் இரண்டாவது கணவரும். அந்த மனிசனின் உடம்பில் முதல் உலகப் போரில் பயனெற் குத்திய தழும்பு. தழும்பைப் பார்த்துத்தான் பிள்ளை வளர்ந்தது, கதையைக் கேட்டு அல்ல.

அவர் முதலில் எழுதியவை பதிப்பேறவில்லை. எழுத்தாளர் ஏஞ்சலா கார்ட்டர்தான் உனக்குத் தெரிந்த பெண்களைப் பற்றி எழுது என்று உற்சாகப்படுத்தினார். அப்படி வந்ததுதான் ஒரே தெருவில் வாழும் ஏழு பெண்களின் கதை. பள்ளிக்கூடப் பிள்ளை தொடங்கி எழுபது தாண்டிய கிழவிவரை, ஆளுக்கு ஓர் அத்தியாயம். கேக் தொழிற்சாலையில் நின்றபடி வேலை செய்யும் பெண்ணும் அதில் இருக்கிறாள்.

உங்கள் தெருவில் எத்தனை வீடு? முதல் வீட்டுப் பெண்ணைப் பற்றி இரண்டு பக்கம் எழுதி அனுப்புங்கள். கொப்பித் தாளில் எழுதினாலும் சரி. கட்டாயம் வாசித்துப் பதில் போடுவேன்.