துடைக்கத் துடைக்க ஈயம் – கடிதமும் பதிலும்

அன்புள்ள ஐயா,

பெரு நாட்டின் லா ஓரோயா பற்றி ஓர் ஆவணப்படம் பார்த்தேன். உருக்காலைப் புகையால் குழந்தைகளின் ரத்தத்தில் ஈயம். 2009ல் நின்றுபோன ஆலையைத் திறக்கச் சொல்லி 2015ல் ஊர்மக்களே சாலையை மறித்தார்களாம். இது அறியாமைதானே? ஏன் ஊரைவிட்டுப் போகவில்லை? நாம் உலோகப் பயன்பாட்டைக் குறைத்தால் உதவுமா?

எஸ்.

அன்புள்ள எஸ்.,

உலோகத்தைப் பற்றி இன்னொரு நாள் பேசலாம். படம் பார்த்துத் தூக்கம் கெட்டுத்தான் எழுதியிருக்கிறீர்கள், புரிகிறது. ஆனால் அறியாமை என்று எப்படி எழுத மனம் வந்தது?

1922ல் வந்த ஆலை அது. கந்தகப் புகை பட்டுப் பட்டுச் சுற்றுமலைகள் மொட்டையாகிவிட்டன. ஆலையை விட்டால் பிழைக்க என்ன இருக்கிறது? வீட்டை விற்கலாம் என்பீர்கள். யார் வாங்குவார்?

நான் கொஞ்ச நாளாக நினைத்துக்கொண்டிருப்பது அந்த ஊர்த் தாய்மார்களை. பிள்ளையின் கையைக் கழுவு, வீட்டை ஈரத்துணியால் துடை, சத்தாகச் சாப்பிடக் கொடு என்று அவர்களுக்குப் பாடம் நடத்தினார்கள். பாடத்தில் பிழையில்லை. தூசு விரல் வழியாகத்தான் வாய்க்குப் போகிறது. விழுங்கிய ஈயத்தைக் குழந்தை உடம்பு பெரியவர்களைவிட நாலைந்து மடங்கு அதிகமாக உறிஞ்சும். ஆனால் அவள் காலையில் துடைத்த ஜன்னல் விளிம்பில் 167 மீட்டர் புகைபோக்கி மறுபடி தூசைக் கொட்டியது. மறுபடி துடைத்தாள். ரத்தத்தில் அளவு இறங்காவிட்டால் கேள்வி யாருக்கு? அவளுக்குத்தான். சரியாகக் கழுவினாயா என்று!

ஈயம் எலும்பில் பல ஆண்டுகள் தங்கும். கர்ப்பகாலத்தில் அங்கிருந்து கிளம்பி வயிற்றுப் பிள்ளைக்குப் போகும். தன் சிறுவயதில் சுவாசித்ததைத்தான் அவள் பிள்ளைக்குக் கொடுக்கிறாள். அதை எந்த சோப்பு போட்டுக் கழுவுவது? ஈயம் மிக அதிகமாக இருந்த சின்னப் பிள்ளைகளைப் பகலில் ஊருக்கு வெளியே கசராக்ராவில் வைத்திருந்து, அப்புறம் சாயங்காலம் அதே புகைக்குள் திருப்பிக் கொண்டுவந்து விட்டார்கள். புகையை நிறுத்துவதைவிடப் பேருந்து விடுவது மலிவு. இதற்குப் பெயர் சுகாதாரத் திட்டம். எனக்கு ஆத்திரம் அடங்கவில்லை.

வழக்குப் போட்டவர்களும் அந்த ஊர்க்காரர்கள்தான் என்பதை மறந்துவிடாதீர்கள். வேலையைக் கெடுக்க வந்தவர்கள் என்று ஏச்சும் மிரட்டலும் பட்டார்கள். 2023 நவம்பரில் அமெரிக்க நாடுகளின் மனித உரிமை நீதிமன்றம், பெரு அரசு அவர்களில் 80 பேரின் உரிமைகளை மீறியது என்று தீர்ப்பளித்தது. அவர்களுக்கு மருத்துவம் தரவும் மாசைச் சீர்செய்யவும் உத்தரவிட்டது. உத்தரவு நடப்புக்கு வருகிறதா என்று தேடிப் படியுங்கள், எஸ். படத்தோடு நிறுத்திவிடாதீர்கள்.